மதியம் ரெண்டரை

சத்துவாச்சாரியில் பேட்டரிக் கடைக்கு மேல்மாடி.
ஏசி ஓடினால் மைக்கில் இரைச்சல் விழும்,
அதனால் ஒளிபரப்பு முடியும்வரை ஏசி கிடையாது.
மே மாதம் கிரேஸ் பூங்கோதையின் கண்ணுக்குக் கீழே
பவுடர் கரைந்து கோடாக இறங்கும்.
அழுகிறார் என்று நினைத்துக்கொண்டார்கள்
குடியாத்தத்திலும் ஆரணியிலும்.
நாங்கள் மறுக்கவில்லை.

அதற்கு முன்னால் அவர் ஆஸ்பத்திரி மருந்துக் கவுண்டரில்
டோக்கன் எண் கூப்பிடுகிறவர்.
நானூற்றுப் பன்னிரண்டு, நானூற்றுப் பதின்மூன்று,
தமிழில், தெலுங்கில், அரைகுறை வங்காளத்தில்.
இன்சுலின் வாங்க வந்த கேபிள்காரர் திருஞானம்
தன் எண் தாண்டிப்போயும் நகராமல்
அந்தக் குரலைக் கேட்டு நின்றாராம்.
இது திருஞானம் சொல்வது.
கிரேஸ் சொல்வது: அந்தாளுக்குக் காது மந்தம்.

நிகழ்ச்சிக்கு ஏதோ ஒரு பெயர் வைத்திருந்தோம்.
ஊர் அதை
‘இன்னாம்மா ஆச்சு’ என்றுதான் சொன்னது.
ஒவ்வொரு மதியமும் அவர் வாயில் முதலில் வருவது அதுதான்.

பேரணாம்பட்டிலிருந்து ஒருத்தி வந்தாள்,
மூன்று வருடம் ஒரே அடுப்பில்
மாமியாரோடு பேசாமல் சமைத்தவள்.
ராணிப்பேட்டைத் தோல் ஷெட்டிலிருந்து ஒருவன்,
கை நாறுகிறது என்று கல்யாணத்தை நிறுத்திய பெண்ணை
நேரலையில் பெயர் சொல்லித் திட்ட வந்தவன்,
பெயர் தொண்டைவரை வந்து நின்றுவிட
தண்ணீர் கேட்டான்.
போர்வெல் தகராறில் ஒரு அண்ணனும் தம்பியும்.
எங்களுக்கென்று கொண்டுவந்த
இலவம்பாடிக் கத்திரிக்காயையும்
படிக்கட்டிலேயே பங்கு பிரித்தார்கள்.

அப்புறம் ஒரு கடிதம், பெண்கள் சிறையிலிருந்து.
முத்திரை பாதி வரியை விழுங்கியிருந்தது.
“யக்கா நல்லாத்தான் கேக்குற.
பதில் வர்றதுக்குள்ள அடுத்ததுக்குப் பூட்ற.
கோர்ட்லயும் இப்டித்தான் கேட்டாங்கோ.”

காலர் மைக்கை மாட்டிக்கொண்டே படித்தார்.
மடித்து வாட்ச் வாருக்குள் செருகினார்.
அன்றைக்கு எதிரில் ஆம்பூர் ஷூ கம்பெனி அமிர்தவல்லி.
இன்னாம்மா ஆச்சு என்று கேட்டுவிட்டு
கிரேஸ் சும்மா இருந்தார்.
என் ஹெட்போனில் ஃபேன்,
கீழே பேட்டரி இறக்கும் சத்தம்,
பைபாஸில் ஒரு லாரி கியர் மாற்றுவது.
பதினோரு செகண்டு.
திருஞானம் கண்ணாடிக்குப் பின்னால்
கையைக் கத்தரிக்கோலாக்கி ஆட்டுகிறார்.
பிறகு அமிர்தவல்லி சொன்னாள்.
சொன்னதை இங்கே எழுத மாட்டேன்,
ஒருமுறை மாவட்டமே கேட்டது போதும்.

மக்கன் பேடாக் கடைக்காரர் போன் செய்தார்:
சத்தமே வரலியே,
அந்த நேரத்துக்கும் நான் காசு குடுக்கணுமா?

சென்னைக்காரர்கள் கூப்பிட்டது அதற்கு அடுத்த வருடம்.
நாலு கேமரா. மேக்கப்புக்குத் தனி ஆள்.
தோள் நடுங்கும் குளிர்.
‘இன்னா’ வேண்டாம் மேடம், ‘என்ன’ என்றே கேளுங்கள்.
இடைவெளியை நாங்கள் எடிட்டில் எடுத்துவிடுவோம்.
தலைக்கு முந்நூறு ரூபாய் வாங்கியவர்கள்
கை காட்டினால் ‘ஐயோ’ என்றார்கள்.
அறைவதற்கு ஒத்திகை நடந்தது.
கிரீன் சர்க்கிளில் பேனர் நின்றது,
பாதி இவர் முகம், பாதி நகைக்கடை.
வேலூரில் பார்த்தவர்கள் சொன்னார்கள்:
நல்லாத்தான் இருக்கு, யாரோ மாதிரி.

நாலரை வருடம். பிறகு ஒரு வாட்ஸப் செய்தி,
கைகூப்பும் படத்தோடு.

போன மாதம் காட்பாடி காந்தி நகரிலிருந்து கூப்பிட்டார்.
அந்தப் பதினோரு செகண்டு வச்சிருக்கியா?
நான் உண்மையைச் சொன்னேன்.
டேப் விலை ஏறின நேரம், மேடம்.
அது மேலேயே திருஞானம்
ஒரு கல்யாணம் எடுத்துட்டார்.

சிரிப்பார் என்று பார்த்தேன்.
ரயில் ஒன்று அவர் வீட்டுப் பக்கம் போய் முடிந்தது.
யார் கல்யாணம்?
வாலாஜாப் பக்கம் ஒரு பார்ட்டி, மேடம்.
சேர்ந்து கீறாங்களா?
தெரியலை, நான் சவுண்டு மட்டும்தான்.

விசாரிச்சு சொல்லு, என்றார்.